முழந்தாள்படியிடாத மகனுக்கு

மகன்,

இந்தக் கடிதத்தை எழுதுகிறவள் உன் தங்கச்சி, சொல்லுகிறவள் நான். ஹோட்டல் குசினியில் சட்டி கழுவிக் கழுவி என் விரல்கள் வெடித்துக் கிடக்கின்றன, பேனை பிடித்தால் எரிகிறது. அதோடு இவளுடைய எழுத்துத்தான் நம் வீட்டில் வாசிக்கக்கூடிய எழுத்து. பள்ளிக்கூடத்தை இடையில் விட்டவள் என்று எழுத்தைப் பார்த்து யாரும் சொல்லமாட்டார்கள். போனில் சொல்லலாம்தானே என்று கேட்பாய். போனில் சொன்னால் நீ சிரித்துக் கதையை மாற்றிவிடுவாய். வாய்ஸ் அனுப்பலாம் என்றால், நீ அதை வேகமாக்கிக் கேட்கிறவன் என்று இவள் சொல்கிறாள். "அம்மாட குரல் அணில் கத்துற மாதிரிக் கேக்குமாம், அண்ணா சொன்னவர்" என்று இவள் சொல்ல, வாசலில் இருந்து அப்பா சிரிக்கிறார். சிரிக்கட்டும். கடிதத்தை வேகமாக்க முடியாது. நீ இருந்து வாசித்துத்தான் ஆக வேண்டும்.

திருவிழாவன்று கோயிலில் நான் உன்னிடம் கேட்ட கேள்வியைப் பற்றித்தான் இந்தக் கடிதம். நீ கொழும்புக்குத் திரும்பிப் போன நாளிலிருந்து அது என்னை விடவில்லை. மீன் வெட்டும்போதும், வெள்ளைக்காரப் பிள்ளைகள் ஆலங்குடாக் கடலில் பட்டம் கட்டிக்கொண்டு பறப்பதை யன்னலால் பார்க்கும்போதும் அதே நினைவுதான். உனக்கும் ஞாபகம் இருக்கும். அன்று ஆண்பக்கம், பெண்பக்கம் என்று பார்க்க இடமில்லாத கூட்டம். நீ கழுவி மடித்த வெள்ளைச் சட்டையோடு வந்து என் பக்கத்தில் இருந்தாய். பாதர் அப்பத்தை உயர்த்த, எழுந்தேற்ற மணி அடித்தது. கோயில் முழுக்க முழந்தாள்படியிட்டது. நீ மட்டும் வாங்குப் பலகையில் இருந்தபடியே முன்னால் குனிந்து, நெற்றியைக் கையில் வைத்துக்கொண்டாய். பின்னால் இருந்த திரேசம்மா அக்கா என் காதுக்கு எட்டுமாறு, "கொழும்புல ஆண்டவர் இல்லையாக்கும், பிள்ளைக்குப் பழக்கம் விட்டுப் போச்சு" என்றாள். என் காது சுட்டது.

அந்தக் கோபத்துக்கு இன்னொரு காரணமும் இருந்தது. அதற்கு முந்திய கிழமைதான் நீ புது நாடகத்தின் ஒத்திகை வீடியோவை அனுப்பியிருந்தாய். துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவனாக நீ பாடி ஆடுகிறாய். பாட்டு முடிகிற இடத்தில் ஓடி வந்து, இரண்டு முழங்காலும் பலகையில் அடிக்க விழுந்து, அப்படியே வழுக்கிக்கொண்டு மேடை விளிம்பு வரைக்கும் வருகிறாய். கப்பல் போய்விட்டது, நீ கையை நீட்டிக்கொண்டிருக்கிறாய். உன்னோடு ஆட்டம் பழகுகிற பிள்ளைகள் எல்லாரும் கை தட்டுகிறார்கள். நான் அதை ஹோட்டலில் எல்லாருக்கும் காட்டினேன். அதனால்தான் அன்று குனிந்து உன்னிடம் சொன்னேன்: "மேடையில விழுந்து விழுந்து முழங்கால் போடத் தெரியுது. ஆண்டவருக்கு முன்னால மட்டும் முடியாதா?" நீ என்னை ஒரு பார்வை பார்த்தாய். இறங்கி வெறும் சீமெந்துத் தரையில் முழந்தாள்படியிட்டாய். மற்றவர்கள் எழுந்த பிறகும் நீ எழும்பவில்லை. பாதர் எல்லாருக்கும் நன்மை அப்பம் கொடுத்து முடியும் வரைக்கும் அப்படியே இருந்தாய். உன் கழுத்தெல்லாம் வேர்வை. உதட்டைக் கடித்தபடி இருந்தாய். பிள்ளைக்கு மனம் இளகிவிட்டது, மனஸ்தாபப்படுகிறான் என்று நான் நினைத்தேன். திரேசம்மா அக்காவைத் திரும்பிப் பார்த்தும் கொண்டேன். அந்தப் பெருமையை நினைத்தால் இப்போது எனக்கு வாய் கசக்கிறது.

மத்தியானம் பாயில் எல்லாருக்கும் சோறு போட்டபோது நீ பிளாஸ்டிக் கதிரையை இழுத்துப் போட்டு இருந்தாய். "இப்ப கொழும்பு ஆள், பாயில இருக்க மாட்டார்" என்று உன் சித்தப்பா பகிடி பண்ணினார். நீயும் சேர்ந்து சிரித்தாய். பின்னேரம் பஸ்ஸுக்கு வெளிக்கிடும்போது, வாசற்படியில் பக்கவாட்டாகக் கால் வைத்து இறங்கினாய். நான் பையைக் கொண்டுவரும் அவசரத்தில் அதையும் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன். அப்பாதான் கேட்டார், "கால் நோகுதா தம்பி?" என்று. நீ சிரித்துக்கொண்டு சொன்னாய்: "பழகி முடிஞ்ச பிறகு கொஞ்சம் உளையும் அப்பா. மேடையில ஏறினா நோவெல்லாம் போயிடும்." நீ அவருடைய தலையைத் தடவிவிட்டுப் போனாய். பஸ் திரும்பும் வரைக்கும் அவர் ஊன்றி நடக்கிற தடி இரண்டையும் மடியில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு என்னிடம் சொன்னார், "அவன் சொன்னது பொய்யெண்டா எனக்குப் பயமில்லை. அது உண்மை. அதுதான் பயமாக் கிடக்கு."

ஏன் பயம் என்று உனக்கு விளங்க வேண்டும். அப்பா விழுந்த கதை உனக்குத் தெரியும். ஆனால் அவர் விழுவதற்கு முந்திய கதையை நாங்கள் உனக்குச் சொன்னதில்லை. நீ அப்போது ஏழாம் வகுப்பு, இவள் முன்பள்ளிக்குப் போய்க்கொண்டிருந்தாள். அப்பா அட்டைக்கு இறங்குகிற சுழியோடி. முதுகில் சிலிண்டரைக் கட்டிக்கொண்டு இறங்கி, அடியில் கிடக்கும் கடலட்டையைப் பொறுக்கிக்கொண்டு வருவார், அது முடிய அடுத்த சிலிண்டர். பின்னேரம் வீட்டுக்கு வந்தால் முழங்காலும் தோள்மூட்டும் உளையும். கரையில் எல்லாச் சுழியோடிகளின் வீட்டிலும் அதே கதைதான். எல்லாப் பெண்களும் எண்ணெய் காய்ச்சித் தடவினோம். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. நோ என்று வாய்விட்டால் வள்ளத்துச் சொந்தக்காரச் சம்மாட்டி அந்த இடத்துக்கு வேறு ஆளை வள்ளத்தில் ஏற்றிவிடுவார். அதனால் சுழியோடிகள் ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருந்தார்கள். நோ வந்தால் திரும்ப இறங்குவது. ஆழத்துக்குப் போனால் நோ அப்படியே நின்றுவிடுமாம். "தண்ணிக்குள்ள இறங்கினா நோவெல்லாம் போயிடும்" என்று உன் அப்பா என்னிடம் சொன்னபோது, அவர் முகத்தில் இருந்த சிரிப்பும் நீ பஸ்ஸுக்குப் போகும்போது சிரித்த சிரிப்பும் ஒன்றுதான், மகன்.

உண்மையாகவே நோ போகும். ஏறி வந்தால் முன்பைவிடக் கூடும். கூடினால் இன்னும் கெதியாக இறங்கத் தோன்றும். அப்படி இறங்கி ஏறித்தான் ஒருநாள் வள்ளத்து விளிம்பைப் பிடித்தபோது இடுப்புக்குக் கீழே ஒன்றுமே இல்லாதது போல் இருந்ததாம். கூட இருந்தவர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? அவர்களுக்குத் தெரிந்த ஒரே வைத்தியத்தைச் செய்தார்கள். இன்னொரு சிலிண்டரைக் கட்டித் திரும்பவும் கீழே கொண்டுபோனார்கள். அடியில் கால் விரல் அசைந்ததாம். "ஆ, சரி வந்திட்டு" என்று சைகை காட்டிச் சந்தோசப்பட்டார்களாம். மேலே வந்ததும் அந்த விரலும் நின்றுவிட்டது. பிறகு புத்தளம் ஆஸ்பத்திரி, அங்கிருந்து தூரத்து ஆஸ்பத்திரி, கடைசியில் இந்த இரண்டு தடிகள். அந்த ஆட்களில் ஒருவருக்கும் கெட்ட மனம் இல்லை. நல்ல மனத்தோடுதான் இறக்கினார்கள். நானும் நல்ல மனத்தோடுதான் உன்னைச் சீமெந்தில் முழந்தாள்படியிட வைத்தேன்.

இதுவரைக்கும் நான் சந்தேகத்தில்தான் சொல்லிக்கொண்டு வந்தேன். கால் கொஞ்சம் நோகும்போல, கேட்டுப் பார்ப்போம் என்று. ஆனால் மேலே அந்த வரியைச் சொல்லி முடித்ததும் இவள் எழுதுவதை நிறுத்திவிட்டாள். பேனையை மூடி மடியில் வைத்துக்கொண்டு தலையைக் குனிந்தாள். உனக்குத்தான் இவளைத் தெரியுமே, வீட்டுக்கு ஆள் வந்தால் அலுமாரிக்குப் பின்னால் போய் நிற்கிறவள், வாயைத் திறக்க வைப்பது பெரிய பாடு. "என்ன பிள்ளை, கை உளையுதா?" என்று கேட்டேன். "இல்ல." "அப்ப எழுதன்." "அம்மா, நீங்க கேக்கத் தேவையில்ல. எனக்குத் தெரியும்" என்றாள். பிறகு அழுதாள்.

அன்று பூசை முடிந்து வந்ததும் நீ குசினிக்குப் பின்னால் இருந்து, மீன் பெட்டி ஐஸைச் சாரத்துணியில் சுற்றி முழங்காலில் வைத்துக்கொண்டிருந்ததை இவள் கண்டிருக்கிறாள். முழங்கால் தண்ணீரில் ஊறின பலாக்கொட்டைபோல் வீங்கி இருந்ததாம். உள்ளே ஏதோ கிழிந்திருக்கிறது, ஆடாமல் மாதக்கணக்காக ஓய்வாக இருக்க வேண்டும் என்று டொக்டர் சொன்னதையும், நீ நோ தெரியாமல் இருக்க ஊசி போட்டுக்கொண்டு ஆடுவதையும் நீயே இவளிடம் சொல்லியிருக்கிறாய். ஆட்டம் பழக்குகிற மிஸ்ஸுக்குத் தெரிந்தால் பாகம் வேறு ஒருவனுக்குப் போய்விடும், நாடகத்தை வெளிநாட்டுக்குக் கொண்டுபோகும்போது உன்னை விட்டுவிட்டுப் போவார்கள் என்றும் சொல்லியிருக்கிறாய். "அம்மாட்ட மட்டும் சொல்லாத" என்று தலையில் கை வைத்துச் சத்தியம் வாங்கினாயாம். அந்தச் சத்தியத்தை வைத்துக்கொண்டு இவள் இத்தனை நாளும் சரியாகச் சோறு தின்னவில்லை. காதல் கீதல் ஏதாவதோ என்று நான் வேறு மாதிரிப் பயந்துகொண்டிருந்தேன். நான் இவளை ஏசவில்லை. நீயும் ஏசாதே. மூடின பேனையைத் திறந்து, தான் சொன்னதையும் தானே எழுதுகிறாள், பார்.

இப்போது நான் சொல்ல வந்ததைச் சொல்கிறேன். ஆட்டத்தை விட்டுவிட்டு வீட்டுக்கு வா என்று நான் சொல்லமாட்டேன். உன் ஆட்டம் விளையாட்டு இல்லை என்று எனக்குத் தெரியும். பெரிய வெள்ளி நாடகத்தில் சேவகனாக ஈட்டி பிடித்து நின்ற உன்னை, பாட்டுக்குக் கால் அசைக்கிறாய் என்று பாதர் ஏசினார். "இது பாடுகளின் நாடகமடா, பைலா ஆட்டமில்ல" என்றார். பிறகு நீ கொழும்பில் புடைவைக் கடையில் நாள் முழுக்க நின்றுவிட்டு, பின்னேரத்தில் ஆட்டம் பழகப் போனாய். உன் சிங்களத்தைக் கேட்டுக் கூடப் பழகினவர்கள் சிரித்ததையும், நீயும் சிரித்துக்கொண்டே அதைத் திருத்திக்கொண்டதையும் நீதான் சொன்னாய். முதல் நாடகத்தில் நீலத் துணியைப் பிடித்துக்கொண்டு அலையாக ஓடினாய். "கடல விட்டுட்டுப் போறன் எண்டு போனவன், அங்க போய்க் கடலாவே நிக்கிறான்" என்று அப்பா ஊர் முழுக்கச் சொல்லிச் சிரித்தார். ஊரார் "பெடியன் பொம்பிளை மாதிரி ஆடுறானாம்" என்று சொன்னபோதும் அவர் "நீங்க ஆடிப் பாருங்களன், மூச்சு வாங்கும்" என்றுதான் சொன்னார்.

உனக்கு முதல் முதல் பேசுகிற பாகம் கிடைத்தது எதனால் என்பதையும் நாங்கள் மறக்கவில்லை. நொண்டிக் கிழவன் ஒருவன் வேண்டும் என்று கேட்டார்களாம். நீ இரண்டு தடியோடு அப்பா நடக்கிற நடையை நடந்து காட்டினாயாம். அந்த வீடியோவை அப்பாவுக்குக் காட்ட நான் பயந்தேன். இவள்தான் காட்டிவிட்டாள். அவர் போனைக் கண்ணுக்குக் கிட்ட வைத்து இரண்டு தரம் பார்த்துவிட்டு, "இடது தடிதான் முதல்ல வரணும். பிழையா நடக்கிறான், சொல்லு" என்றார். அடுத்த வீடியோவில் நீ இடது தடியை முன்னால் வைத்தாய். அப்பா போனைத் திருப்பித் தந்துவிட்டு வெளியே போய் இருந்தார். மகன், அந்த நடை உனக்கு நடிக்கிற நடையாக மட்டும் இருக்கட்டும்.

நீ மிஸ்ஸிடம் சொல்ல வேண்டும். நீயே போய், ஊசி போடாத ஒரு நாளில், டொக்டர் சொன்னதை அப்படியே சொல்ல வேண்டும். அவருடைய நம்பர் இவளிடம் இருக்கிறது, நீ ஒருமுறை அவருடைய போனில் இருந்து இங்கே எடுத்தாய். நான் எடுத்துச் சொல்லிவிடலாம் என்று கை பரபரக்கிறது. எடுக்கமாட்டேன். தாய் போன் எடுத்துக் காலைப் பற்றிக் கதைத்தாள் என்று வந்தால், அங்கே உன் முகம் என்னாகும் என்று எனக்குத் தெரியும். ஆனால் சொன்னால் உன் இடத்தை அவர்கள் காத்து வைத்திருப்பார்கள் என்று உனக்கு ஆறுதலும் சொல்லமாட்டேன். அது எனக்குத் தெரியாது. பாகம் போகலாம். வெளிநாட்டுப் பயணமும் கைவிட்டுப் போகலாம். மற்றப் பெடியன் உன் பாட்டைப் பாடி, நீ விழுகிற இடத்தில் விழுந்து, உனக்குக் கிடைக்க வேண்டிய கைதட்டலை வாங்கலாம். அதை நீ பார்த்துக்கொண்டு இருக்க வேண்டி வரலாம். அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் தடியின் பிடியைத் தேய்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார், "இடம் போயிடும் எண்டு பயப்படுறான். போகும்தான். எனக்கும் சம்மாட்டி அடுத்த கிழமையே வேற ஆள ஏத்தினார். நான் முதலே வாயத் திறந்திருந்தாலும் அதைத்தான் செஞ்சிருப்பார். ஆனா கால் இருந்திருந்தா நான் வேற வள்ளத்துக்குப் போயிருப்பன். இதை அப்படியே எழுதச் சொல்லு." அப்படியே எழுதியிருக்கிறோம்.

புது நாடகத்தின் முதல் காட்சிக்கு வர வேண்டாம், தூரம், அப்பாவுக்குக் கஷ்டம் என்று நீ சொன்னாய். இப்போது அப்பா வருவதென்று நிற்கிறார். பஸ்ஸில் ஏற்ற இறக்க உன் சித்தப்பா வருவார். நீ மேடையில் நின்றால் முன்னால் இருந்து உன் முழங்காலைப் பார்ப்பேன் என்கிறார். நீ மேடையில் இல்லாவிட்டால் தன் பக்கத்தில் ஒரு கதிரை பிடித்து வைப்பாராம், அதில் வந்து இரு என்கிறார். எதுவாக இருந்தாலும் வருவார். அந்தக் கதிரையைப் பற்றி அவர் சொன்னபோது நான் எழுந்து குசினிக்குள் போய்விட்டேன்.

அடுத்த திருவிழாவுக்கு நீ வர வேண்டும். கால் சுகமாகி வந்தாலும் சரி, சுகமாகாமல் வந்தாலும் சரி. அப்பா இருக்கிற கடைசி வாங்கில், கதவடியில், நீ அவரோடு இரு. எழுந்தேற்ற மணி அடிக்கும்போது நானும் அந்த வாங்கில் இருப்பேன். கோயில் முழுக்க முழந்தாள்படியிட, நான் உன் பக்கத்தில் நிமிர்ந்து இருப்பேன். திரேசம்மா அக்கா திரும்பிப் பார்க்கட்டும். பாதர் பார்த்தாலும் பார்க்கட்டும். அன்று நான் உன் காலுக்காக மன்றாடாமல், உன்னைக் குத்தின என் நாக்குக்காக மன்றாடுவேன். என்னை மன்னித்துக்கொள், மகன்.

அம்மா.

அண்ணா, இனி எழுதுகிறது நான். அம்மா மீன் வாங்கக் கடற்கரை வாடிக்குப் போய்விட்டா. சத்தியத்தை முறித்துவிட்டேன். கோபம் என்றால் என்னோடு கதைக்காமல் விடுங்கள், பரவாயில்லை, நானும் கதைக்கிற ஆள் இல்லைதானே. ஆனால் மிஸ்ஸிடம் சொன்ன பிறகு எனக்கு ஒரு மிஸ்ட் கோல் மட்டும் தாருங்கள். அடித்துவிட்டு வெட்டிவிடுங்கள், நான் ஒன்றும் கேட்கமாட்டேன். போன் யன்னல் விளிம்பில்தான் கிடக்கும், அங்கேதான் சிக்னல். அம்மா வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் அதை எடுத்துப் பார்த்துவிட்டு, நேரம் பார்த்ததாகச் சொல்லி வைக்கிறா. அப்பா தன் கதிரையை யன்னலடிக்கு மாற்றச் சொன்னார். காற்றுக்காம்.